திருக்கை வால் வழக்கு

ஜெனுஷா டிலுக்சனைத் திருக்கை வாலால் அடித்தது உண்மை. அதற்காக அவள் ஒருநாளும் வருந்தியதில்லை. ஓலைத்தொடுவாய்க் கரையில் அவளுடைய அம்மா காயப்போட்டிருந்த கருவாட்டின் மேல் லான்மாஸ்டர் உழவு இயந்திரத்தை ஏற்றிவிட்டு, "செத்த மீன்தானே, திரும்பவுமோ சாகப்போகுது?" என்று கேட்டவனை வேறு என்ன செய்வது? பக்கத்தில் காய்ந்த திருக்கை வால் ஒன்று கிடந்தது, எடுத்தாள்.

முதுகில் வரிவரியாகத் தடிப்போடு டிலுக்சன் நேரே பொலிசுக்குப் போய் முறைப்பாடு கொடுத்தான். கூடத் தொழிலுக்கு வருகிறவர்களிடம் மட்டும் வள்ளத்தில் வழுக்கி விழுந்ததாகச் சொல்லி வைத்தான். பெட்டையிடம் அடிவாங்கியவன் என்ற பெயரோடு கடலுக்குப் போக முடியுமா? முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்த கதைதான். ஊருக்கே விசயம் தெரியும், அவன் முகத்துக்காகப் பேசாமல் இருந்தார்கள்.

அந்த வருடம் வேதக்கோயில் திருநாள் வந்தது. கொடியேற முன்னர், பகை உள்ளவர்கள் சுவாமியார் முன்னிலையில் கைகொடுத்துக்கொள்வது அந்த ஊர் வழமை. இவர்களும் கொடுத்தார்கள். கொடுத்த கையை எடுக்க இருவருக்கும் மனம் வரவில்லை. அடுத்த வருடம் அதே கோயிலில் கலியாணம் நடந்தது.

கோயிலில் முடிந்தது எல்லாவற்றுக்கும் முடிந்ததுதான் என்று இருவரும் நம்பியிருந்தார்கள். ஆகவே, விதானை என்று ஊர் சொல்லும் கிராம அலுவலர் வேலைக்கான சோதனையில் சித்தியடைந்த ஜெனுஷா, விண்ணப்பத்தில் வழக்கு ஏதும் நிலுவையில் உண்டா என்று கேட்ட இடத்தில், மனதில் களங்கமில்லாமல் 'இல்லை' என்று எழுதினாள். ஆனால் டிலுக்சனின் முறைப்பாடு யாருக்கும் சொல்லாமல் மெல்ல நடந்து நீதிமன்றம் போய்ச் சேர்ந்திருந்தது. பொலிஸ் அறிக்கையில் அது தலையைக் காட்டியதும் நியமனத்தை நிறுத்தி வைத்துவிட்டார்கள். சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்க வேண்டும் என்பார்கள். இங்கே பூசாரியும் கொடுத்துவிட்டார், பொலிஸ் கொடுக்கவில்லை.

ஜெனுஷா அழுதாள். அடுப்படியையும் ஊர்ப் பிள்ளைகளுக்கு எடுத்த ரியூசன் வகுப்பையும் பார்த்துக்கொண்டு படித்து வாங்கிய வேலை அது. டிலுக்சன் கூடவே தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு முசலி ஊர்க்காரரான சட்டத்தரணி சரிபுதீனிடம் போனான்.

வழக்கு இருப்பதாலேயே குற்றவாளி ஆகிவிட மாட்டாள் என்று அவர் தைரியம் சொன்னார். ஆனால் வழக்கு முடியும்வரை வேலை கொடுக்க மாட்டார்கள். டிலுக்சன் மன்றில் 'சமாதானம்' என்ற ஒரு சொல் சொன்னால் போதும். பிறகு ஜெனுஷாவின் பக்கம் திரும்பினார்.

"பிள்ளை, நீ வாயைத் திறக்காதை. 'அடிச்சனான்' எண்டு கோட்டிலை சொன்னியோ, விதானை வேலையை மறந்திடு."

வழக்கன்று மன்றின் பின் வாங்குப் பலகையில் டிலுக்சனின் வள்ளத்து ஆட்கள் வரிசையாக வந்து குந்தியிருந்தார்கள். துணைக்கு வந்ததாகச் சொன்னார்கள், வந்தது புதினம் பார்க்க. குற்றப்பத்திரம் வாசிக்கப்பட்டது. சான்றுப்பொருளாகத் திருக்கை வாலைப் பையிலிருந்து எடுத்ததும் மன்று முழுக்கக் கவிச்சி பரவியது. நீதவான் மூக்கைப் பொத்திக்கொண்டு, சமாதானமா, வழக்கைத் தொடரப்போகிறீர்களா என்று டிலுக்சனைக் கேட்டார்.

டிலுக்சன் பின் வாங்கைப் பார்த்தான், மனைவியைப் பார்த்தான். அடியே இல்லையென்றால் வழக்கு ஏது என்று அந்த நேரம் பார்த்து அவன் மூளை வேலை செய்தது. மானமும் தப்பும், அவள் வேலையும் தப்பும்.

"ஐயா, இவ என்னை அடிக்கேல்லை. நான் வள்ளத்திலை வழுக்கி விழுந்தனான்."

சரிபுதீன் தலையில் கையை வைத்தார்.

"அப்ப பொலிசுக்குக் குடுத்தது பொய் முறைப்பாடோ?" என்றார் நீதவான். "அதுக்கு உம்மிலை வேறை வழக்குப் போடலாம், தெரியுமோ?"

டிலுக்சன் சரிபுதீனைத் திரும்பிப் பார்த்தான். ஜெனுஷாவுக்குக் கோபம் கோபமாக வந்தது. அதைவிட அதிகமாகப் பயம் வந்தது, அவனுக்காக. வாயைத் திறந்தால் எது போகும் என்று தெரிந்துகொண்டே எழுந்தாள்.

"ஐயா, அவர் பொய் சொல்லுறார். நான்தான் அடிச்சனான். நல்லா அடிச்சனான்."

டிலுக்சன் அவளையே பார்த்துக்கொண்டு நின்றான். இப்போது பின் வாங்கு அவன் கண்ணில் படவில்லை.

"ஓம் ஐயா, அடிச்சவ. கருவாட்டிலை லான்மாஸ்டர் ஏத்தினது நான். பிழை என்னிலைதான். நாங்கள் சமாதானமாகிக் கலியாணமும் முடிச்சிட்டம்."

"இனியும் இந்த வழக்கை வைச்சிருந்தால் தண்டனை எங்களுக்குத்தான்" என்று சொல்லி, நீதவான் சமாதானத்தைப் பதிந்து அவளை விடுவித்தார். வாலை உடனே அழிக்கச் சொன்னார். பின் வாங்கு அதுவரை அடக்கிய சிரிப்பை வெளியே போய்த்தான் சிரித்தது.

நியமனம் கொடுக்கும் கந்தோருக்கு, விண்ணப்பத்தில் 'இல்லை' என்று எழுதிய காரணத்தையும் விளங்கப்படுத்த வேண்டியிருந்தது. திருநாளில் இருவரும் கைகொடுத்ததைச் சொல்லிச் சுவாமியார் ஒரு கடிதம் கொடுத்தார், சில மாதம் இழுத்தடித்துத்தான் நியமனம் வந்தது.

ஜெனுஷா விதானைக் கதிரையில் அமர்ந்த முதல் கிழமையே டிலுக்சன் வந்து நின்றான். வள்ளத்துக்குப் புது இயந்திரம் கேட்டு விண்ணப்பிக்க அவனுக்கு நற்சான்றிதழ் வேண்டுமாம். சொந்தப் புருசனுக்குத் தான் ஒப்பமிடுவது சரியில்லை, பக்கத்து ஊர் விதானை லோறன்சிடம் வாங்கிக்கொள்ளுங்கோ என்று அவனை அனுப்பினாள். அவன் படலை தாண்டும்வரை பார்த்திருந்துவிட்டு, வெறும் தாளொன்றை எடுத்து அவன் பெயரை எழுதினாள். அதன் கீழே நடத்தை பற்றி எழுதினாள்: 'மிக நல்லவர். பொய் சொல்ல வராது.'