அத்தா கொடுத்துவிட்ட பார்சல்

கதவைத் திறந்த ஷமீமா திடுக்கிட்டாள். ஏழு வயது மகள் ருமைசா, முன்பின் தெரியாத ஒருவரின் கையைப் பிடித்துக்கொண்டு வாசலில் நின்றாள்.

"அம்மா, அத்தா பார்சல் குடுத்து வுட்டுருக்காங்க!"

வந்தவர் ஆண்டிமடம் செந்தில்குமார். ஷார்ஜாவில் அவள் கணவன் அபுதாகிரோடு ஒரே அறையில் தங்கியிருப்பவர், தங்கமான மனுஷர் என்று கணவன் சொல்லக் கேட்டிருக்கிறாள். "ஸ்கூல் வேன் நின்னப்பவே பாப்பாவ அடையாளம் தெரிஞ்சிடுச்சுங்க. அபுதாகிர் போடுற போட்டோவ ஃபேஸ்புக்ல தெனம் பாக்குறேன்ல? ரூமின்னு கூப்ட்டேன், ஓடி வந்துட்டா" என்றார். பார்சலைக் கொடுத்து, ஷமீமா தந்த டீயைக் குடித்துவிட்டுக் கிளம்பினார்.

லெப்பைக்குடிகாட்டில் இது புதிதல்ல. பாதி வீட்டு ஆண்கள் வளைகுடாவில் இருக்கிறார்கள். ஒருவர் விடுப்பில் வந்தால் நாலு வீட்டுக்குச் சாமான் வரும். அத்தா கொடுத்துவிட்டார் என்றால் இந்த ஊர்ப் பிள்ளைகள் யாரோடும் நடந்துவிடும். முகமும் செல்லப்பேரும் வேறு ஊரறியக் கிடந்தால் கேட்கவே வேண்டாம். இன்றைக்கு வந்தவர் நல்லவர், பிழைத்தோம். கணவனுக்குப் படத்தை எல்லாம் எடுத்து அனுப்பிய புண்ணியவதி தானேதான் என்பது ஷமீமாவுக்கு நினைவு வந்தது. ஆனால் மூலையில் உட்கார்ந்து அழுகிற ரகமில்லை அவள். போனை எடுத்துக் கணவனை அழைத்தாள்.

"மச்சான், புள்ள போட்டோ எல்லாத்தையும் ஃபேஸ்புக்லேர்ந்து எடுத்துடுங்க."

"ஏன்? எல்லாரும் மாஷா அல்லாஹ்னுதானே போடுறாங்க?"

"ஒங்க ஃப்ரெண்ட்ஸ் லிஸ்ட்ல ஆயிரத்து இருநூறு பேரு இருக்காங்க. அதுல எத்தன பேரு வூடு ஒங்களுக்குத் தெரியும்?" நடந்ததைச் சொன்னாள்.

கேட்டு முடித்த அபுதாகிர் மெதுவாகச் சொன்னார்: "அவ மூஞ்சியக் காட்டிக் காட்டித்தான் இங்க நாள ஓட்டுறேன், ஷமீ."

அது அவளுக்கும் தெரியும். ஆனாலும் விடவில்லை. "ஒங்களுக்குத் தெனம் பத்து அனுப்புறேன். ஊருக்கு எதுக்கு? போடலாமான்னு அவகிட்ட ஒரு வார்த்த கேட்டோமா நாம?"

மறுநாள் காலை அவர் ஃபேஸ்புக் பக்கத்தில் மகள் படம் எங்கேயும் இல்லை. அவள் பிறந்ததிலிருந்து அவள் முகமே இருந்த முகப்புப் படத்தில், வேலை உடுப்போடு அவரே கூச்சமாகச் சிரித்துக்கொண்டிருந்தார்.

ருமைசா போனைப் பிடுங்கிப் பார்த்தாள். "ஐ, அத்தா! சூப்பரா இருக்காங்கம்மா. ஒங்க போன்ல ஸ்டேட்டஸ் வைக்கட்டா?"

ஷமீமா சிரித்துவிட்டாள்.

"அத்தாகிட்ட கேட்டுட்டு வை."