ஹார்லோ ஃபோல்ஸில் ஒரு திருவலை

கண்ணாடிப் பெட்டிக்குள் இரும்பு நாக்கை நீட்டியபடி குந்தியிருக்கிறது, மேலேயிருந்து ஒரு சின்ன விளக்கு அதன்மேல் மட்டும் விழுகிறது, நாக்கின் நுனியில் பல் பல்லாக வெட்டிய வட்டம் மினுங்குகிறது, பக்கத்தில் ஒரு வெள்ளை அட்டை, அதில் இந்த ஊர் அருங்காட்சியகத்தைப் பார்த்துக்கொள்கிற வெர்னாவின் சாய்ந்த கையெழுத்து, ‘பீவர் தோல் சுரண்டும் பலகை, ஆங்கஸ் மக்லீஷ் பாவித்தது, ஊரின் முதற்காலம்’, நான் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டு இன்னொரு தரம் வாசிக்கிறேன், பீவரும் இல்லை, தோலும் இல்லை, ஆங்கஸும் இல்லை, இது தேங்காய் திருவுகிற திருவலை, என் வீட்டுக் குசினியில் கிடந்த திருவலை, என் மனிசன் சிவபாதம் ஞாயிறு தோறும் ஏறிக் குந்தியிருந்து தேங்காய் திருவிய திருவலை, இதற்குப் பெட்டியும் விளக்கும் போட்டு வேறொருவரின் பெயரை எழுதி வைத்திருக்கிறார்கள்.

வெளியே நூற்றாண்டு விழா, இந்த ஊருக்கு நூறு வயதாம், தீயணைப்பு வண்டி மணியடித்துக்கொண்டு இருக்கிற நாலு தெருவையும் சுற்றுகிறது, தேவாலய மண்டபத்தில் பான்கேக் சுடுகிறார்கள், வாசலில் நின்ற ஒருத்தி என் வெறுங்கையைப் பார்த்து, சமோசா கொண்டு வரேல்லையோ என்று ஏமாந்துபோய்க் கேட்டாள், ஊரில் எந்த விழா வந்தாலும் இதே கேள்வி, யாழ்ப்பாணத்தில் என் வீட்டில் ஒருநாளும் சமோசா சுட்டதில்லை, நான் முதன்முதலில் சமோசாவைக் கண்டதே ரொறன்ரோவில் ஒரு கடையில்தான், இதை எத்தனை தரம் சொன்னாலும் ஓமோம் என்று தலையாட்டுவார்கள், அடுத்த விழாவுக்கும் சமோசா என்பார்கள், கடைசியில் சொல்லிச் சொல்லி அலுத்து நானே சமோசா சுடப் பழகினேன், அதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு விசர் வருகிறது. இந்த ஊர் பேசுவது ஆங்கிலம்தான், ஆனால் என் தலை அதை உள்ளே எடுக்கும்போதே எங்கட ஊர்த் தமிழாக மாற்றிவிடும், அதனால் இங்கத்தைய வயதுபோன சனம் எல்லாம் வேலணையில் பக்கத்து வளவில் இருந்தவர்கள் மாதிரித்தான் என் காதில் கதைக்கிறார்கள், அதுவே பெரிய கரைச்சல், வெள்ளைக்காரரிடம் கோபிப்பது போலக் கோபிக்க முடியாமல் சொந்தக்காரரிடம் கோபிப்பது போலக் கோபிக்க வேண்டியிருக்கிறது.

ஊரின் பெயர் ஹார்லோ ஃபோல்ஸ், ஃபோல்ஸ் என்றால் அருவி, வந்த புதிதில் அருவி எங்கே என்று கேட்டேன், எல்லாரும் சிரித்தார்கள், கடதாசி ஆலைக்கு மின்சாரம் வேண்டும் என்று அணை கட்டி அருவியைத் தண்ணீருக்குள் தாட்டு எத்தனையோ காலமாம், பெயரை மட்டும் எடுத்துக் கரையில் வைத்துக்கொண்டார்கள், முதலில் கட்டின ஊரோ பத்து வருசம் ஆகுமுன் காட்டுத்தீயில் எரிந்துபோனது, வீடு வாசல், தேவாலயம், பாத்திரம் பண்டம், படம் ஒன்றுமே மிஞ்சவில்லை, மிஞ்சியது கதை, அதையும் ஆளுக்கொரு விதமாகச் சொல்வார்கள், ரயில் நின்ற காலத்து ஸ்டேசன்தான் இப்போது இந்த அருங்காட்சியகம், ரயில் இப்போது நிற்பதில்லை, ஊதிக்கொண்டு போய்விடும். உள்ளே வைக்கச் சாமான் இல்லாமல் ஒரே மாதிரித் தையல் மெஷின்களை வரிசையாக வைத்திருக்கிறார்கள், மயிர் உதிர்ந்த ஓநாய் ஒன்று, ஆலைச் சங்கு ஒன்று, இந்த ஊருக்கு முன்பே காலங்காலமாக இங்கே வாழ்ந்துவரும் பூர்வகுடிகளுக்கு மூலையில் ஒரு சோடி தோல் சப்பாத்து, ‘செய்தவர் பெயர் தெரியாது’ என்று அதற்கும் வெர்னாவின் அட்டை, செய்தவளின் பேரன் பள்ளிக்கூட பஸ் ஓட்டுகிறான், அவனே எனக்குச் சொன்னான், காலையில் வெர்னாவின் வீட்டைத் தாண்டித்தான் அவன் பஸ் போகிறது, மறித்து ஒரு வார்த்தை கேட்டிருந்தால் பெயரைச் சொல்லியிருப்பான், கேட்டால்தானே.

ஆலை ஓடிய காலத்தில் ஊர் முழுக்க அழுகின முட்டை மணக்கும், நான் மூக்கைப் பொத்தினால், அது காசு மணக்குது பிள்ளை என்பாள் வெர்னா, அந்த மணத்தோடு சிவபாதம் வேலை முடிந்து வருகிறார், தொப்பியில் மரத்தூள், முகத்தில் சிரிப்பு, அவர் பெயரை ஆலைக்காரர் முதல் நாளே ஸ்டீவ் ஆக்கிவிட்டார்கள், உங்கட பேரை அவங்களுக்குச் சொல்லிக் குடுங்கோவன் என்று நான் கத்துகிறேன், விடும் இஞ்சேர், அவங்களுக்கு நாக்குத் திரும்பாது, கூப்பிடுறது என்னைத்தானே என்கிறார், எதற்கும் இந்தச் சிரிப்புத்தான், என் கோபத்துக்கு அரைவாசிக் காரணம் ஊர், மற்ற அரைவாசி அவர். கர்லிங் விளையாடக் கூட்டிக்கொண்டு போனார்கள், பெரிய கல்லை ஐசில் வழுக்கிவிட்டு அதற்கு முன்னால் ஓடி ஓடித் தும்புத்தடியால் ஐசைக் கூட்டுகிற விளையாட்டு, வீட்டில் ஒருநாள் தும்புத்தடி தொடாத மனிசன் அங்கே வேர்க்க வேர்க்கக் கூட்டுகிறார், நான் குளிரில் நின்று பார்த்துப் பல்லைக் கடிக்கிறேன், அந்த வருசம் அவர்கள் கோப்பை வென்ற படம் கிளப் சுவரில் இன்னும் தொங்குகிறது, கீழே நாலு பெயர், மூன்று பேருக்கு முழுப் பெயர், நாலாவது ஸ்டீவ், வெறும் ஸ்டீவ்.

தேங்காய் வேண்டுமென்றால் ரொறன்ரோ போக வேண்டும், ஒரு பகல் முழுக்க ஓட்டம், மாரியில் காரின் பின்பெட்டியில் வைத்தால் உறைந்து வெடித்துவிடும், மடியில வைச்சுக்கொண்டு வாரும் என்பார், நான் பனிக்குள்ளால் தேங்காயை மடியில் கட்டிப்பிடித்துக்கொண்டு வருகிறேன், வந்தால் திருவலை இல்லை, ஊரைவிட்டு ஓடிவந்தவர்கள் திருவலையைத் தூக்கிக்கொண்டா வருவார்கள், கொஞ்சக் காலம் கத்தியால் கொத்திப் பார்த்தார், பிறகு ஆலைப் பட்டறையில் மரம் அறுக்கிற தேய்ந்த வாள் ஒன்றைக் கேட்டு வாங்கி, நாக்காக வெட்டி, நுனியை அரத்தால் ராவிப் பல் வைத்து, ஆலை முற்றத்தில் கிடந்த கட்டையில் பூட்டிக் கொண்டுவந்து குசினி நடுவே வைத்தார், எப்பிடி, வடிவாய் இருக்கோ என்றார், நான் வடிவில்லை என்றேன், நல்ல வடிவாய்த்தான் இருந்தது. ஞாயிற்றுக்கிழமை எனக்கு ஆஸ்பத்திரிச் சலவைக் கூடத்தில் வேலை, நான் வீட்டுக்குள் வரும்போது நீல லினோலியம் ஒட்டிய நிலத்தில் அவர் குந்தியிருந்து திருவுவார், பக்கத்து வீட்டு எர்னி, வெர்னாவின் தம்பி, அவரோடு ஆலையில் வேலை செய்தவன், ஐம்பது வயது ஆள், சப்பாத்தைக் கழற்றிவிட்டு நிலத்தில் சப்பாணி கட்டியிருந்து கையை நீட்டிக்கொண்டிருப்பான், ஒரு பிடி சட்டிக்கு, ஒரு பிடி எர்னிக்கு, இப்பிடிக் குடுத்தால் சம்பலுக்கு என்னத்தைப் போடுறது என்று நான் வாசலிலேயே ஏசத் தொடங்குவேன், இரண்டு பேரும் சிரிப்பார்கள். வெர்னா என் குசினிக்குள் ஒருநாளும் வந்ததில்லை, படியில் நின்று கதைத்துவிட்டுப் போய்விடுவாள். பிறகு ஆலை மூடியது, மணம் போனது, மணத்தோடு பாதிச் சனமும் போனது, ஒரு காலை வாசலில் பனி வழித்துக்கொண்டிருந்த சிவபாதம் கையில் பிடித்த சவளோடு சாய்ந்துபோனார், பிறகு எழும்பவில்லை, நான் வீட்டை விற்றுச் சின்ன அப்பார்ட்மெண்டுக்கு மாறினேன், தேங்காய்ப்பூ உறையவைத்த பைக்கட்டில் வரத் தொடங்கிவிட்டது, திருவலையை மற்றச் சாமான்களோடு தேவாலயத்து மலிவு விற்பனைக்குக் கொடுத்தேன், அங்கிருந்து அதை எர்னி தூக்கிக்கொண்டு போனது எனக்குத் தெரியாது.

வெர்னா, இஞ்ச வாங்கோ, இதென்ன இது என்கிறேன், வெர்னா வருகிறாள், எண்பது தாண்டியவள், விழாவுக்காக அந்தக் காலத்துத் தொப்பி கட்டி நாடாவை நாடிக்குக் கீழே முடிந்திருக்கிறாள், இது தோல் சுரண்டுறதில்லை, தேங்காய் திருவுறது, என்ர மனிசன் செய்தது, எனக்குத் திருப்பித் தாங்கோ என்கிறேன். நீர் மாறி நினைக்கிறீர் பிள்ளை, இந்தக் குளிருக்குள்ள தேங்காய் எங்கால, இரும்பில ஆலையின்ர முத்திரை இருக்கு பாரும், எங்கட அப்பப்பா ஆங்கஸ் ஆலையில முதல் வேலைக்குப் போன ஆக்களில ஒருத்தர் என்கிறாள். முத்திரை இருக்கும்தானே, ஆலை வாளில் வெட்டினால் ஆலை முத்திரை இல்லாமல் வேறென்ன முத்திரை இருக்கும் என்கிறேன், அவள் பொறுமையாகச் சிரிக்கிறாள், சின்னப்பிள்ளைக்குச் சொல்வது போல, இது ஊர்ச் சரித்திரம் பிள்ளை, ஊர்ச் சரித்திரத்துக்க தேங்காய் எப்பிடி வரும் என்கிறாள். எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது, இந்த ஊர்ச் சனம் பெத்த, செத்த படுக்கை விரிப்பெல்லாம் நான்தான் வெளுத்தேன், என் மனிசன் உங்கட மரத்தை அறுத்தார், உங்கட ஐசைக் கூட்டினார், உங்கட மண்ணில்தான் சாம்பலாய்க் கிடக்கிறார், நாங்கள் சரித்திரத்தில் சேர்த்தி இல்லையோ, அப்ப எதில் சேர்த்தி, சமோசாவிலோ. எர்னிக்கு நல்ல ஞாபகம் இருக்கு, அவனையே கேளும் என்று வெர்னா என்னை ஜன்னலடிக்குக் கூட்டிக்கொண்டு போனாள்.

எர்னி நாற்காலியில் இருக்கிறான், இப்போது அவனுக்கு நேற்றும் முந்தநாளும் ஐம்பது வருசத்துக்கு முந்தினதும் ஒன்றாகிவிட்டன, என்னைப் பார்த்து வணக்கம் அம்மா என்கிறான், நான் யாரென்று தெரியவில்லை, பக்கத்து வீட்டில் அத்தனை வருசம் இருந்தவளைத் தெரியவில்லை. அப்பப்பாவைப் பற்றிச் சொல்லு எர்னி என்கிறாள் வெர்னா. அப்பப்பா அதில குந்தியிருந்து சுரண்டுவார், நான் நிலத்தில இருப்பன், நீல நிலம், சுரண்டச் சுரண்ட வெள்ளையாய் விழும். தோலில ஒட்டியிருக்கிற கொழுப்பு, அதுதான் வெள்ளை என்று வெர்னா எனக்கு விளக்குகிறாள். இல்லை, இனிக்கும் என்கிறான் எர்னி, ஈரமாய் இருக்கும், இனிக்கும், அப்பப்பா எனக்கு ஒரு பிடி தருவார், சட்டிக்கு ஒரு பிடி போடுவார், அப்ப வெளியில இருந்து ஒரு மனிசி வந்து ஏசுவா, எங்களுக்குச் சிரிப்பு வரும், அவ ஏசினால்தான் எங்களுக்குச் சிரிப்பு. அந்த மனிசி நான்தான். பக்கத்தில் இருந்த தையல் மெஷினைப் பிடித்துக்கொண்டு நிற்கிறேன், ஸ்டேசன் சுவர் எங்கோ போய்விட்டது, சலவைக் கூடத்து நீராவி இன்னும் சட்டையில் மணக்க நான் கதவைத் திறக்கிறேன், நீல லினோலியம், திருவல் விழுகிற அந்தச் சர் சர் சத்தம், அணைத் தண்ணீருக்குள் தாண்டுபோன அருவிக்கு அப்படித்தான் சத்தம் இருந்திருக்கும் என்று தோன்றுகிறது, அவர் நிமிர்ந்து பார்த்துச் சிரிக்கிறார், வந்திட்டீரோ என்கிறார், நான் ஏசவில்லை, ஏசாமல் நிற்கிறேன், இன்னும் ஒரு பிடி குடுங்கோ அவனுக்கு என்று சொல்ல வாயெடுக்கிறேன், அதற்குள் தீயணைப்பு வண்டியின் மணி அடித்துவிட்டது. இந்த ஊரில் சிவபாதத்தை நினைத்துக்கொண்டிருக்கிற ஒரே ஆள் இவன்தான், இவனும் அவரைத் தன் அப்பப்பாவாக்கி வைத்துக்கொண்டிருக்கிறான், இந்த ஊரோடு என்னதான் செய்வது.

வெர்னா, உங்கட அப்பப்பா எப்ப செத்தவர் என்று கேட்டேன். அவள் தொப்பி நாடாவை அவிழ்த்தாள், திருப்பி முடிந்தாள், எர்னி பிறக்க முன்னம் என்றாள். இது அவளுக்கு முதலே தெரியும், எனக்கு இப்போதுதான் தெரியும். எங்கட எல்லாம் எரிஞ்சு போச்சு பிள்ளை, அப்பப்பாவின்ர எண்டு சொல்ல ஒரு கரண்டி கூட இல்லை, அவன் இதைத் தூக்கிக்கொண்டு வந்து அப்பப்பாவின்ர எண்டு சொன்னான், முத்திரையும் இருந்துது, நான் அதுக்கு மேல கேக்கேல்லை என்றாள். கரண்டி கூட இல்லாமல் நிற்பதைப் பற்றி எனக்கு ஒருவரும் விளக்கத் தேவையில்லை, அதனாலேயே கோபம் இன்னும் கூடியது, இவளைத் திட்டவும் முடியாமல் செய்துவிட்டாளே என்ற கோபம். அவள் சட்டைப் பையில் இருந்து திறப்பை எடுத்துப் பெட்டியைத் திறந்தாள், கொண்டு போம் பிள்ளை, உம்மடதானே என்றாள்.

தூக்கினேன், நினைத்ததைவிடப் பாரமாக இருந்தது, குந்துகிற இடத்தில் மரம் வழுவழுவென்று தேய்ந்திருந்தது, அது அவர் தேய்த்தது. ஜன்னலடியில் எர்னி எழும்பி நின்றுவிட்டான், அதை எங்க கொண்டு போறீங்கள் என்று கேட்டான். எங்கே கொண்டு போகிறேன், அப்பார்ட்மெண்டில் கட்டிலுக்குக் கீழே வைக்கப் போகிறேன், நானும் போன பிறகு யாரோ ஒருவர் இது என்ன சாமான் என்று தெரியாமல் குப்பையில் போடுவார், இவனுக்கோ நாளைக்கு அந்த ஒரு பிடி வெள்ளையும் மறந்துவிடும். இரும்பும் இந்த ஊரது, மரமும் இந்த ஊரது, செய்தவரும் இந்த ஊரில்தான் இருக்கிறார், நான் மட்டும் எதை எங்கே கொண்டு போவது, போட்டேன் திரும்பவும் பெட்டிக்குள்ளேயே, இரும்பு நாக்கு வாசல் பக்கம் பார்க்கத் திருப்பி வைத்தேன், எர்னி திரும்பவும் நாற்காலியில் இருந்துவிட்டான், இது இஞ்சயே இருக்கட்டும் வெர்னா, அட்டையை மாத்துங்கோ என்றேன்.

வெர்னா மேசை லாச்சியில் இருந்து புது அட்டையும் பேனாவும் எடுத்து வந்தாள், தேங்காய் திருவும் பலகை, ஆலையின் மரவாளில் செய்தது என்று நான் சொல்லச் சொல்ல எழுதினாள், செய்தவர் என்று எழுதிவிட்டு நிறுத்தினாள், ஸ்டீவின்ர முழுப் பேர் என்ன பிள்ளை என்றாள், ஒரு ஆயுள்காலத்துக்குப் பிறகு கேட்கிறாள், இப்போதாவது கேட்கிறாள், அவருடைய தகப்பன் பெயரில் தொடங்கி ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னேன், கதிரவேலு, அதற்குப் பிறகு சிவபாதம், அவள் நாக்கின் நுனியைக் கடித்துக்கொண்டு பெரிய பெரிய எழுத்தாக எழுதினாள், கதிரவேலு முடியவே அட்டையின் ஓரம் வந்துவிட்டது, தலையை நிமிர்த்தி, இடம் காணாது பிள்ளை, சுருக்கி எழுதட்டோ என்று கேட்டாள், பெரிய அட்டையா எடுங்கோ என்றேன்.