அம்மா வாய் திறந்த படம்

வில்லரே மண்டபம் நிறையச் சனத்தைக் கண்டதுமே ரதீசனுக்கு வயிறு எரியத் தொடங்கிவிட்டது. பொறாமைதான், வேறென்ன! ஸ்பானியப் படவிழாவில், அந்த நாட்டு உள்நாட்டுப் போர்ப் படங்களுக்கு நடுவே ஒரு தமிழ்க் குறும்படம். அதுவும் அவனுடையது இல்லை. அவனோடு டோர்வல் கிடங்கில் பெட்டி ஏற்றும் வினோஜாவுடையது.

அந்த ஸ்பானியப் படங்களை அவளுக்குக் காட்டியதே அவன்தான். சர்வாதிகாரி உயிரோடு இருந்தபோதே, தணிக்கைக்காரனின் கண்ணில் மண்ணைத் தூவி, ஒரு சின்னப் பிள்ளையின் பயத்தைக் காட்டியே நாட்டின் பயத்தைச் சொல்லிவிட்டார்கள் என்று வாய் ஓயாமல் புகழ்ந்தவன். அந்த ஆட்கள்மேலும் அவனுக்குப் பொறாமை உண்டு. போரில் காணாமல்போனவர்களின் புதைகுழியைத் தோண்டி எலும்பையாவது எடுத்துக் காட்டுகிறார்களே! அவனுடைய அண்ணன் வன்னியில், போரின் கடைசி நாளில், இராணுவத்திடம் சரணடையப் போய் பஸ்ஸில் ஏறியவன். ஏறியவன்தான், இன்றுவரை ஒரு தகவலும் இல்லை.

அதைப் பற்றி அம்மா புஷ்பராணி கதைத்தால் போதும், தன் அடுத்த படம் உருப்பட்டுவிடும் என்று ரதீசன் வருடக்கணக்காகக் கெஞ்சினான். கமெராவைத் தூக்கினாலே அவர் எழும்பிக் குசினிக்குள் போய்விடுவார்.

விளக்கு அணைந்தது. திரையில் அம்மா!

பக்கத்துக் கதிரையிலும் அம்மா. பஸ்ஸின் நிறம், அண்ணன் போட்டிருந்த சேர்ட் எல்லாவற்றையும் திரையில் கொட்டித் தீர்த்தார். ரதீசனுக்குக் காது அடைத்துவிட்டது. பெற்ற பிள்ளைக்குச் சொல்லாததை ஊரார் பிள்ளைக்குச் சொல்வதா? மிச்சப் படத்தை விட்டுவிட்டு, முன்வரிசையில் இருந்த வினோஜாவின் பிடரியையே முறைத்துக்கொண்டிருந்தான்.

கைதட்டல் ஓயமுன்னமே கேட்டுவிட்டான். “ஏனம்மா, எனக்கு ஒரு சொல்லுச் சொல்லேல்லையே?”

“நீ முதல் எடுத்த படத்திலை அண்ணையின்ர போட்டோவுக்கு மாலை போட்டனியெல்லே?”

“அது... வடிவா இருக்குமெண்டு...”

“வடிவு! இத்தினை வருசத்திலை நான் அதுக்கு ஒரு பூ வைச்சிருப்பனே? நீ அவனைச் சாக்காட்டிப்போட்டு, பேந்து வந்து கதை கேக்கிறாய்.” அம்மா முன்வரிசையைக் காட்டினார். “அந்தப் பிள்ளை என்னட்டை முதல் கேட்டது, ‘அன்ரி, அண்ணை வந்தா என்ன சமைச்சுக் குடுப்பியள்?’ எண்டு.”



“என்ன சொன்னனீங்கள்?”

“அது படத்திலை இருந்ததே,” என்றார் அம்மா.