கிளாராவைப் பெண் பார்க்க வந்தார்கள்

பால்டிக் கரையிலுள்ள கடற்படைத் துறைமுகத்தில் முப்பத்தைந்து வருடம் இழுவைப் படகாக உழைத்த கிளாரா, ஒரு குண்டுகூடச் சுட்டதில்லை. பெரிய போர்க்கப்பல்களை வெளியே தள்ளிவிடும். அவை பதக்கங்களோடு திரும்பினால் உள்ளே இழுத்து வரும். இழுக்கிற கயிற்றுக்குப் பதக்கம் குத்தும் வழக்கம் எந்தப் படையிலும் இல்லை.

இப்போது அதற்கு ஓய்வு. துறைமுக நகரிலிருக்கும் கப்பல் அருங்காட்சியகம் ஏற்றுக்கொள்ளாவிட்டால் நேரே பழைய இரும்புக்கடைதான். அதன் இயந்திரத்தைக் கவனித்துவந்த கணேசலிங்கத்துக்குச் சோறு இறங்கவில்லை.

"உங்கட தங்கச்சிக்கு மாப்பிள்ளை தேடேக்கையும் இப்பிடி ஓடித் திரியேல்லை," என்றாள் மனைவி சுந்தரேஸ்வரி, வரப்போகும் விருந்தாளிக்கு மீன் ரோல்ஸ் பொரித்தபடி.

"இதுவும் பொம்பிளை பாக்கிற அலுவல்தான். நீர் நல்லாப் பொரியும்."

"வயசைக் குறைச்சுச் சொல்லிப்போடாதேங்கோ. கடதாசி இருக்கு."

கணேசலிங்கம் ஒரு கல்யாணத் தரகர் செய்வதைத்தான் செய்தார். கிளாராவின் விலாவிலிருந்த பெரிய நெளிவுக்குப் பெயின்ற் பூசி, அதை மறைக்க ஒரு டயரைத் தொங்கவிட்டார்.

படகைப் பார்க்க வந்த அருங்காட்சியகத் தலைவர் டீட்ரிக்ஸ், ஓய்வுபெற்ற கடற்படை அதிகாரி. முதல் ரோல்ஸைச் சந்தேகத்தோடு கடித்தார். இரண்டாவதைச் சந்தேகமில்லாமல் எடுத்தார்.

"போர் பார்த்திருக்கிறதா?"

"இல்லை."

"தீப்பிடித்தது? மூழ்கியது?"

"ஒருநாளும் இல்லை," என்றார் கணேசலிங்கம் பெருமையோடு.

ஒவ்வொரு நற்குணத்துக்கும் டீட்ரிக்ஸின் முகம் வாடியது. பெண் அடக்கமானவள், நோய்நொடி இல்லாதவள் என்று சொல்லச் சொல்ல மாப்பிள்ளை வீட்டார் கொட்டாவி விட்டால் தரகர் என்னதான் செய்வார்?

"சனங்கள் ஓட்டை பார்க்கத்தான் வருகிறார்கள்," என்று பெருமூச்சு விட்டபடி டயரில் சாய்ந்தவர், அது விலகியதும் பின்னாலிருந்த நெளிவைக் கண்டுவிட்டார். கண்கள் மின்னின. "எறிகணையா?"

'யா', ஆமாம், என்று ஒரு சொல் போதும், கிளாரா பிழைத்துவிடும். ஆனால் எறிகணை விழுந்த இடம் எப்படியிருக்கும் என்பது கணேசலிங்கத்துக்குத் தெரியும். போருக்குப் பின் விட்டுவந்த சொந்த ஊரில் அவருடைய வீடு கிடந்தது அப்படித்தான். இதற்கு அந்தப் பெயரை வைக்க நாக்கு வளையவில்லை.

"இல்லை. நம்முடைய போர்க்கப்பல் ஒன்றுதான் பின்னால் வந்து இடித்தது. இருபத்தைந்து வருடமாகிறது. மேல்தட்டில் நின்ற இளம் அதிகாரி, கரையில் நின்ற ஒரு பெண்ணுக்குக் கையசைத்துக்கொண்டிருந்தாராம். சிவப்புக் குடை பிடித்த பெண்."

டீட்ரிக்ஸின் ரோல்ஸ் பாதி வழியில் நின்றது.

"மஞ்சள் குடை," என்றார் மெதுவாக.

டீட்ரிக்ஸ் அந்த நெளிவை விரலால் தடவினார்.

"பலத்த காற்று என்று மேலிடத்தில் சொல்லித் தப்பித்தேன். அவள் இப்போது என் மனைவி." மீதி ரோல்ஸைச் சாப்பிட்டு முடித்தார். "படகை நாங்கள் எடுத்துக்கொள்கிறோம். காற்றுக் கதை அப்படியே இருக்கட்டும்."

அவர் போனதும் கணேசலிங்கம் வீட்டுக்குப் போன் எடுத்தார்.

"சம்பந்தம் முடிஞ்சுது."

"சீதனம் என்னவாம்?"

"ஒண்டும் வேண்டாமாம். மாப்பிள்ளை பகுதியின்ர பழைய கதையை வெளியில விடாட்டிச் சரியாம்."

"அப்ப நல்ல இடம்தான்," என்றாள் சுந்தரேஸ்வரி.