ஆறு மணி நேரம் பாக்கி

பிலிப்பைன்ஸின் சமார் தீவில் கிரிசாந்தா நடத்தும் பிரசவ நிலையத்துக்கு வந்த நெனிதா, ஒரு கொட்டாவி விடும் நேரத்தில் மூன்றாவது பிள்ளையைப் பெற்றுவிட்டுச் செருப்பைத் தேடினாள்.

“எங்கடி கெளம்பிட்ட? இருபத்துநாலு மணி நேரம் நீ இங்க படுத்திருந்தாத்தான் இன்சூரன்ஸ்காரன் எனக்குப் பணம் குடுப்பான். போன மாசம் மூணு பேரு ஓடிட்டாளுங்க. கையுறை வாங்கக்கூட வழியில்ல.”

“என் பன்னிக்கு நீங்களா கஞ்சி ஊத்துவீங்க? அதுவும் நிறைமாசம்க்கா.”

இரண்டு நாளாகத் தூங்காத கிரிசாந்தா, உதவிக்கு இருந்த பெண்ணைக் காவல் வைத்தாள். நெனிதா ஓடிவிடாதபடி அவள் செருப்பையே மாட்டிக்கொண்டு, கஞ்சி வாளியோடு போனாள்.

போன இடத்தில் பன்றிக்கு வலி எடுத்திருந்தது. பதினெட்டுக் குட்டிகளையும் கையில் ஏந்தி, துடைத்து, பால்குடிக்க விட்டபின், அதன் முதுகில் சாய்ந்து அப்படியே தூங்கிப்போனாள்.

மறுநாள் யாரோ உலுக்கினார்கள். பிள்ளையோடு நெனிதா வெறுங்காலில் நின்றாள்.

“அக்கா, என் செருப்பு.”

“இன்னும் ஆறு மணி நேரம் பாக்கி இருக்கேடி, பாவி!”

“அத விடுங்க. குட்டி எத்தன?”

பன்றி மட்டும், யாரும் கேட்காமலே, முழுசாக இருபத்துநான்கு மணி நேரம் படுத்திருந்தது.