வெட்டு என்ற சொல்

அன்று சோழகக் காற்று தொடங்கியிருந்ததா என்பது கரையில் நின்ற எனக்கே நிச்சயமில்லை. முதல் அடி எங்கே விழுந்தது என்பதிலும் என் நினைவை நான் நம்பமாட்டேன். நிவேதிகாவின் வாயிலிருந்து வந்த சொல்லில் மட்டும் சந்தேகமில்லை.

அரிப்பு ஊர்க் கரையில், கரையில் நின்றே கயிற்றால் இழுக்கும் யோசேப்பின் கரைவலையை அவள் ஓர் ஆவணப்படத்துக்காக மூன்று வாரமாகப் படம்பிடித்தாள். கேள்வி கேட்பதில்லை, யாரையும் இப்படி நில் என்பதில்லை. ஆட்கள் கமராவை மறக்கும்வரை ஊமைபோல் நிற்பதுதான் அவள் வேலைமுறை. முதல் நாள் மட்டும் பழக்கதோஷத்தில் "கட்" என்றுவிட்டாள். கயிறு இழுப்பவர்கள் அதைத் தமிழாக்கிக்கொண்டார்கள். அவள் கமராவை இறக்கினாலே, "தங்கச்சி வெட்டிப்போட்டா, இனிச் சொறியலாம்" என்று சிரிப்பார்கள். வெட்டு என்றால் அந்தக் கரையில் நிறுத்து என்று ஆகிவிட்டது.

அன்று காலை, படகில் போய் வலை விரிக்கும் சுபாஸின் நைலோன் வலை கரைவலையோடு சிக்கி வந்தது. யோசேப் கத்தியால் சிக்கலை அறுத்துக்கொண்டிருந்தான். சுபாஸ் படகிலிருந்து துடுப்போடு குதித்து ஓடிவந்தான்.

"கடல் என்ன உன்ரை அப்பற்றை சீதனமோ?"

"வழி தெரியாத வலையை வீட்டில காயப்போடு," என்றான் யோசேப், நிமிராமல்.

துடுப்பு அவன் காதைக் கிழித்துக்கொண்டு இறங்கியது. விழுந்தவனின் முதுகில் அடுத்த அடி. மூன்றாவதுக்குத் துடுப்பு உயர்ந்தபோது யோசேப் எழும்பி, சுபாஸின் தலைமயிரைப் பிடித்துச் சாய்த்து, கத்தியை ஓங்கினான். ஓங்கிய கை அப்படியே நின்றது. படத்தில் அது நான்கு வினாடி.

நிவேதிகா நிறுத்து என்று சொல்லத்தான் வாயைத் திறந்தாள். கரை பழக்கிய சொல் வந்தது.

"வெட்டு."

கத்தி கழுத்தில் இறங்கியது. மறுபடியும் இறங்கியது. துள்ளும் மீன்களுக்கு நடுவே சுபாஸ் கால்களை உதைத்து ஓய்ந்தான்.

கொல்லவென்றே யோசேப் கத்தியோடு வந்தான் என்று பொலிஸ் எழுதியது. அவன் மனைவி மேரி ரோஸ் நிவேதிகாவைத் தேடிவந்தாள்.

"வலை அறுக்கத்தான் கத்தி எடுத்தவர் எண்டு காட்ட உங்கடை படத்தை விட்டா எங்களுக்கு வேறை ஒண்டும் இல்லை, பிள்ளை."

நிவேதிகா படத்தை ஓடவிட்டாள்; தன் குரலும் அதில் இருந்தது. அந்த இரைச்சலில் தன் குரலைக் கேட்டதாகக் கரையில் யாரும் சொல்லியிருக்கவில்லை. ஒரு வினாடிச் சத்தத்தை அழித்தால் போதும், யாருக்கும் தெரியவராது. பின்னேரம் முழுவதும் அந்த இடத்தையே போட்டுப் பார்த்தாள். கை தானாக இறங்கியதா, தன் சொல் அதை இறக்கியதா என்று கண்டுபிடிக்க முடியவில்லை. மறுநாள் படத்தை முழுதாகக் கொண்டுபோய்ப் பொலிஸில் கொடுத்து, அந்தக் குரல் தன்னுடையது என்று எழுதிக் கையெழுத்து வைத்தாள்.

சுபாஸைச் சேமக்காலையில் அடக்கினார்கள். அவன் மனைவி ஜெயகௌரி பிள்ளைகளோடு தலைமன்னாருக்குத் தமையன் வீட்டுக்குப் போய்விட்டாள். திட்டமிட்ட கொலை அல்ல என்று தீர்ந்து, யோசேப்புக்குப் பன்னிரண்டு வருடம் கிடைத்தது. மேரி ரோஸ் கருவாடு போடுகிறாள். நிவேதிகாவை இரண்டு நாள் சாட்சிக் கூட்டில் நிறுத்திக் கேட்டார்கள், வழக்குப் போடவில்லை. அவள் படத்தை முடிக்கவில்லை.