அது கெடக்கட்டும்

போர்வையின் ஓரத்தை அம்மாவின் காலடியில் செருகிக்கொண்டிருந்தபோது வாசலில் ஒரு மலர் வளையம் தெரிந்தது. அதைப் பிடித்திருந்தவர் கம்பெனி மேனேஜர் என்று தெரிந்ததும் மகள் போர்வையை விட்டுவிட்டு எழுந்தாள்.

அம்மாவும் அவளும் ஒரே தையல் கம்பெனியில்தான் வேலை. போன மாதம் டிவியில் ஓர் ஆவணப்படம் வந்தது. வேலை நேரத்தில் பெண்கள் கழிப்பறையைப் பூட்டி வைப்பது, சாவி கேட்டுப் போனால் சூப்பர்வைசர் இடுப்பைத் தொடுவது, எல்லாவற்றையும் அதில் ஒருத்தி சொன்னாள். முகத்தை மறைத்திருந்தார்கள். குரலையும் ஆம்பிளைக் குரலாக மாற்றியிருந்தார்கள். ஆனால் மூச்சுக்கு முந்நூறு தரம் "அது கெடக்கட்டும்" என்றதை யாரும் வெட்டவில்லை. படம் எடுத்த புண்ணியவதிக்கு அது அம்மாவின் வாய்ப்பேச்சு என்று எப்படித் தெரியும்?

படத்தைப் பார்த்து விசாரணைக் குழு வந்தது. பூட்டு போனது, சூப்பர்வைசரும் போனான். பேசியது யாரென்று மேனேஜர் மட்டும் இன்னும் தேடிக்கொண்டிருந்தார். நேற்று அம்மாவுக்கு நெஞ்சுவலி வந்து, ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியிலேயே எல்லாம் முடிந்துவிட்டது. இனி அகப்படுவதற்கு மகள்தான் மிச்சம். அவள் வேலையும் போனால் வீட்டில் அடுப்பு எரியாது.

வாசலோரம் நாற்காலியில் உட்கார்ந்த மேனேஜரிடம் வெளியூர் மாமா தன் அக்காவின் அருமை பெருமைகளைச் சொல்லத் தொடங்கினார். படத்தைப் பற்றி அவருக்கு ஒன்றும் தெரியாது. பேச ஆரம்பித்தால் நிறுத்தவும் தெரியாது. நிறுத்தச் சொல்லி மகள் மாமாவுக்கு ஜாடை காட்டினாள். அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"எவ்வளவு பெரிய கஷ்டம் வந்தாலும், அது கெடக்கட்டும்னுதான் சார் சொல்லுவா எங்கக்கா."

மேனேஜர் நிமிர்ந்தார். மகள் பக்கம் திரும்பினார்.

"உங்கம்மா அப்படித்தான் பேசுவாங்களாம்மா?"

"எங்க தையல் லைன்ல எல்லாருமே அப்படித்தான் சார்," என்றாள் சுவரோரம் இருந்த, கம்பெனியில் பட்டன் தைக்கும் அக்கா. அவளோடு வந்திருந்த கம்பெனிப் பெண்களும் ஆமாம் என்றார்கள். ஒருத்தி மட்டும் தலையைக் குனிந்துகொண்டாள்.

மேனேஜர் எழுந்தார். வளையம் இன்னும் கையிலேயே இருந்தது.

"வேலைக்கு எப்பம்மா வருவே?"

மெதுவாகத்தான் கேட்டார். அதுதான் பயமாக இருந்தது. வருகிறேன் என்று மட்டும் சொல்லத்தான் அவள் வாயைத் திறந்தாள்.

"வரேன் சார். அது கெடக்கட்டும், அம்மா முகத்த நீங்க இன்னும் பாக்கலையே."

மேனேஜர் அம்மா பக்கம் திரும்பாமல் வளையத்தை நாற்காலியிலேயே வைத்தார். வாசலில் குவிந்து கிடந்த பெண்களின் செருப்புகளுக்கு நடுவே தன் ஷூவைத் தேட ஆரம்பித்தார்.